பலா அட்டவணையில் அச்சேறாத வரி

வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் பேராசிரியர் என் கையில் ஒரு பென் டிரைவைக் கொடுத்து, எல்லாம் இதற்குள் இருக்கிறது, கொஞ்சம் ஒழுங்குபடுத்தினால் போதும் என்றார். திறந்து பார்த்தால் இரண்டு எக்செல் கோப்புகள். ஒன்றின் பெயர் ‘பலா கடைசி’. இன்னொன்றின் பெயர் ‘பலா கடைசி இதுதான்’. எது கடைசி என்று கேட்டதற்கு அவர் யோசித்துவிட்டு, இரண்டையும் வைத்துக்கொள்ளுங்கள் என்றார். எனக்கு அந்த இடத்திலேயே கோபம் வந்துவிட்டது. முதல் நாள் என்பதால் காட்டிக்கொள்ளவில்லை.

நான் தாவரவியல் படித்தவள் இல்லை. புதுச்சேரியில் ஒரு மருத்துவமனைக்கு நோயாளிகளின் பதிவேட்டைக் கணினியில் கட்டிக்கொடுத்து, அதையே பதினெட்டு வருடம் பராமரித்தவள். பிறகு சிதம்பரத்தில் இந்த ஒப்பந்த வேலை கிடைத்தது. வீடு கடலூரில், மஞ்சக்குப்பத்தில். காலையில் பஸ் ஏறினால் ஆலப்பாக்கம் தாண்டும்போது ஜன்னலில் வெயில் சுள்ளென்று அடிக்கும், சிதம்பரம் வருவதற்குள் புடவை கசங்கிப் போகும். எதையும் அதனதன் இடத்தில் வைக்காவிட்டால் எனக்குத் தூக்கம் வராது. சமையலறை டப்பாக்களில்கூட நான் சீட்டு ஒட்டி வைத்திருப்பதைப் பார்த்து என் கணவர், உப்புக்கும் ஒரு அடையாள எண் கொடுத்துவிடேன் என்று கிண்டல் செய்வார். கொடுத்தால்தான் என்ன என்று எனக்குத் தோன்றும்.

ஆராய்ச்சி பலாவைப் பற்றியது. பண்ருட்டிக்கும் காடாம்புலியூருக்கும் நடுவில் முந்திரித் தோப்புகளுக்குள் நிற்கிற பழைய பலா மரங்கள் எல்லாம் கொட்டையிலிருந்து முளைத்தவை. அதனால் ஒன்றைப் போல் ஒன்று இருக்காது. ஒன்று தேனாக இனிக்கும், அடுத்த தோப்பில் நிற்பது சப்பென்று இருக்கும். ஒன்றில் பிசின் கையை விட்டுப் போகாது, இன்னொன்றில் பிசினே தெரியாது. எங்கள் துறையினர் நல்ல மரங்களாகப் பார்த்து இலை பறித்து வருவார்கள். இலையிலிருந்து டி.என்.ஏ. எடுத்து வெளியூர் ஆய்வகத்துக்கு அனுப்பினால், நான்கே நான்கு எழுத்துகள் மாறி மாறி வருகிற கோடிக்கணக்கான எழுத்து நீளக் கோப்பாக அது திரும்பி வரும். அந்த எழுத்துகளில் எந்தெந்த இடத்தில் இந்த மரம் மற்ற மரங்களிலிருந்து வேறுபடுகிறது என்று கண்டுபிடிப்பதுதான் வேலை.

ஒரு மரத்தில் நாலைந்து இலைகள் பறித்திருப்பார்கள். சில இலைகளின் எழுத்துகளை இரண்டு தடவை படிக்க வேண்டி வந்திருக்கும். ஒவ்வொரு தடவையும் ஆயிரக்கணக்கில் வேறுபாடுகள் வந்திருக்கும். இவ்வளவையும் ஒரே தாளில் வரிசையாகக் கொட்டி வைத்திருந்தார்கள். ஒரு மரத்தின் ஊர்ப் பெயர் அறுபது தடவை எழுதப்பட்டிருந்தது, அதில் நாலு விதமான எழுத்துப் பிழை. நான் எல்லாவற்றையும் மூடி வைத்துவிட்டு ஒரு வெள்ளைத்தாளை எடுத்துப் பெட்டிகள் வரைந்தேன். மரம் ஒரு பெட்டி. இலை ஒரு பெட்டி. இலையைப் படித்த ஒவ்வொரு தடவையும் ஒரு பெட்டி. வேறுபாடுகளுக்கு ஒன்று. ஊருக்கு ஒன்று. ஆளுக்கு ஒன்று. பெட்டிக்கும் பெட்டிக்கும் நடுவே கோடு போட்டு, கோட்டின் நுனியில் ‘ஒன்று’ என்றோ ‘பல’ என்றோ குறித்தேன். ஒரு விஷயத்தை ஒரே ஒரு இடத்தில்தான் எழுத வேண்டும், மற்ற இடங்களில் அதன் எண்ணைச் சொன்னால் போதும் என்பதுதான் இதில் அடிப்படை. இந்தப் படம் சரியாக அமைந்துவிட்டால் பாதி வேலை முடிந்த மாதிரி.

மரத்துக்கும் ஆளுக்கும் நடுவே கோடு போடும்போது நான் ஒரு நிமிடம்கூட யோசிக்கவில்லை. ஒருவருக்குப் பல மரங்கள் இருக்கலாம், ஒரு மரத்துக்கு ஓர் உரிமையாளர்தான். இதில் யோசிக்க என்ன இருக்கிறது? உரிமையாளர் கட்டம் காலியாக இருந்தால் கணினி அந்த மரத்தையே ஏற்றுக்கொள்ளக் கூடாது என்றும் கட்டளை போட்டேன். அந்தக் கண்டிப்பில் எனக்கு ஒரு பெருமை. இலை பறிக்கப் போகிற ஆராய்ச்சி மாணவியிடம், இனிமேல் உரிமையாளர் பெயர் இல்லாமல் ஒரு மரத்தையும் இங்கே கொண்டுவராதே என்று சொல்லிவிட்டேன். அவள் பரங்கிப்பேட்டைப் பெண், கல்யாணமாகி ஒரு குழந்தைக்குத் தாய், மீனைப் பற்றிக் கேட்டால் மணிக்கணக்கில் பேசுவாள், பலாவை இந்த ஆராய்ச்சிக்கு வந்துதான் கிட்டத்தில் பார்த்தாள். சொன்னபடியே ஒவ்வொரு மரத்தடியிலும் நின்று இது யாருடைய மரம் என்று கேட்டுக் கேட்டு எழுதி வந்தாள். முன்பே எண் தகரம் கட்டிய மரங்களுக்கும் திரும்பப் போய்க் கேட்டாள். எட்டு மாதத்தில் அட்டவணைகள் எல்லாம் பளிச்சென்று ஆகிவிட்டன.

ஆராய்ச்சியில் நல்ல மரம் என்று தேறியவற்றுக்கு ஒரு கடிதம் அனுப்புவது என்று ஏற்பாடு. இது பாதுகாக்க வேண்டிய தாய்மரம், இதிலிருந்து ஒட்டுக்கன்று கட்டக் குச்சி எடுக்க அனுமதி தாருங்கள், தயவுசெய்து வெட்ட வேண்டாம் என்று எழுதி, சீல் வைத்து, உரிமையாளருக்கு அனுப்புவோம். சட்டப்படி அந்தக் கடிதத்துக்கு ஒரு பலமும் கிடையாது. ஆனால் எங்கள் பக்கத்தில் சீல் வைத்த காகிதத்துக்கு இன்னும் மரியாதை உண்டு. மார்கழியில் கடிதங்கள் போயின.

தை மாதம் ஒரு திங்கட்கிழமை அந்த அம்மாள் வந்தார். என் வயதுதான் இருக்கும். தோளில் ஒரு துணிப்பை. முந்திரிக் கொட்டை உடைக்கிறவர்களுக்கு ஓட்டின் எண்ணெய் பட்டு உள்ளங்கை கறுத்துப் போகும், அவருக்கும் அப்படி இருந்தது. நான் அன்று மதியத்துக்குள் கொடுக்க வேண்டிய ஓர் அறிக்கையில் மூழ்கியிருந்தேன். அவர் நின்றுகொண்டே சொன்னார். காடாம்புலியூருக்குப் பக்கத்தில் ஊர். இங்கேயிருந்து ஒரு பொண்ணு வந்து அவர்களுடைய மரத்தில் இலை பறித்து, தகரத்தில் எண் அடித்துக் கட்டிவிட்டுப் போயிருக்கிறாள். அடுத்த தோப்புக்காரருக்குக் கடிதம் வந்துவிட்டது, இவர்களுக்கு வரவில்லை. அவருடைய கணவரின் அண்ணன் புது வீடு கட்டுகிறார். நிலைக்கும் கதவுக்கும் அந்தப் பலாவை வெட்டப்போவதாகச் சொல்லிவிட்டார். இந்த வருடத்துப் பழம் இறங்கியதும் வெட்டு. கடிதம் வந்தால் வெட்ட மாட்டார்.

நான் அவர் பெயரைத் தட்டினேன், இல்லை. கணவர் பெயர், இல்லை. கணவரின் அண்ணன் பெயர், அதுவும் இல்லை. மர எண்ணைக் கேட்டேன். அவருக்கு ஞாபகம் இல்லை.

"ஒங்க குடும்பத்துப் பேர்ல மரமே இல்லம்மா" என்றேன். "லிஸ்ட்ல இல்லன்னா, எங்க ஆளு பறிச்சது ஒங்க மரமா இருக்காது."

"தகரம் கட்டியிருக்கே மேடம்."

"அப்ப அந்த நம்பரை எழுதிக்கிட்டு வாங்க."

அவர் இன்னும் கொஞ்ச நேரம் நின்றார். பிறகு சரி என்று போய்விட்டார். இரண்டு பஸ் மாறி வந்தவர். நான் உட்காருங்கள் என்று சொல்லவில்லை. போன் நம்பரை வாங்கிக்கொள்ளவில்லை. ஊர்ப் பெயரைத் தட்டியிருந்தால் அந்த ஊரில் உள்ள மரங்களெல்லாம் அடுத்த நொடியில் வந்திருக்கும், அதையும் செய்யவில்லை. என் அட்டவணையில் எனக்கு இருந்த நம்பிக்கை அப்படி. அவர் திரும்ப வரவும் இல்லை.

பங்குனியில் பேராசிரியருக்கு ஒரு யோசனை தோன்றியது. துறையில் நடக்கப்போகிற கருத்தரங்கில் நல்ல பலா விவசாயி ஒருவருக்குப் பொன்னாடை போர்த்த வேண்டும். யாரிடம் நல்ல மரங்கள் அதிகம் இருக்கின்றன என்று கணினியில் பார்த்துச் சொல்லுங்கள் என்றார். பார்த்தேன். ஒரே ஆள், ஏழு ஊர்களில், முப்பது மரங்களுக்கு மேல். பேராசிரியர் அசந்துபோனார். இப்படி ஒருவர் இருக்கிறார் என்று நமக்குத் தெரியாமல் போய்விட்டதே என்று வருத்தப்பட்டார். பாராட்டி இரண்டு பக்கம் எழுதவும் செய்தார்.

கருத்தரங்குக்கு அந்த மனிதர் வெள்ளைச் சட்டை, வெள்ளை வேட்டியில் வந்தார். ஐம்பது வயதிருக்கும். மேடையில் உட்காரவைத்துப் பேராசிரியர் அந்த இரண்டு பக்கத்தையும் வாசித்தார். பலாவைத் தெய்வமாகப் போற்றி வளர்க்கும் பெருமகனார் என்று வந்தபோது மனிதர் நெளிந்தார். மைக்கை வாங்கி அவர் பேசியது எனக்கு இன்றும் அப்படியே காதில் இருக்கிறது.

"சார் தப்பா நெனச்சுக்காதீங்க. என் வூட்ல ஒரு முருங்க மரம்கூட கெடையாது. நான் குத்தகைக்கு எடுக்கற வியாபாரி. சீசன்ல எல்லாம் நம்ம மரந்தான். ஆடி பொறந்தா ஒண்ணும் நம்முளுது இல்ல."

அரங்கத்தில் பின்வரிசைக்காரர்கள் சிரித்துவிட்டார்கள். இது எனக்குத் தெரியாத சமாச்சாரமா? கடலூரில் பிறந்து வளர்ந்தவள், வருடா வருடம் பண்ருட்டிப் பழம் வாங்கிச் சாப்பிடுகிறவள். பிஞ்சு பிடித்ததுமே வியாபாரி வந்து மரத்தைப் பார்த்து மொத்தமாகப் பேசி முடித்துவிடுவார். அதற்குப் பிறகு பழம் இறங்கும் வரைக்கும் அது அவர் மரம். தோப்பு வைத்திருப்பவருக்கே வீட்டுக்கு ஒரு பழம் வேண்டுமென்றால் வியாபாரியைக் கேட்டுவிட்டுத்தான் பறிப்பார்கள். எங்கள் மாணவி பழத்தை எடை பார்த்து, சுளை எண்ணி எழுத வேண்டியிருந்ததால் ஒவ்வொரு வருடமும் சரியாக அந்தப் பருவத்தில்தான் போயிருக்கிறாள். யாருடைய மரம் என்று கேட்டிருக்கிறாள். எல்லோரும் அந்தப் பருவத்துக்குரிய உண்மையைச் சொல்லியிருக்கிறார்கள். நான் அதை எல்லாக் காலத்துக்கும் உரிய உண்மையாக ஒரு கட்டத்தில் அடைத்துப் பூட்டி வைத்திருந்தேன்.

நிகழ்ச்சி முடிந்ததும் வியாபாரி என்னிடம் வந்து ஒரு நெகிழிப் பையைக் கொடுத்தார். உள்ளே எங்கள் கடிதங்கள், கட்டுக் கட்டாக. தபால்காரர் கொண்டுவந்து போட்டுக்கொண்டே இருந்தாராம். என்னவோ கோர்ட்டு சமாச்சாரம் என்று பயந்து, இரண்டைப் பிரித்துப் பார்த்துப் புரியாமல், மற்றதைப் பிரிக்காமலேயே பத்திரமாக வைத்திருந்திருக்கிறார். தொலைக்காமல் இருந்ததற்கு நான்தான் அவருக்குப் பொன்னாடை போர்த்தியிருக்க வேண்டும்.

அன்று சாயங்காலம் ஒவ்வொரு கடிதமாகப் பிரித்து ஊர் பார்த்தேன். அந்த அம்மாள் சொன்ன ஊரும் இருந்தது. மாணவியைக் கூப்பிட்டுக் கேட்டேன். அவளுக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. கையெல்லாம் கறுப்பாக இருக்குமே, அந்த அம்மாதான் ஏணி பிடித்தார்கள் என்றாள். மரம் யாருடையது என்று கேட்டதற்கு அவரே வியாபாரி பெயரைத்தான் சொன்னாராம். பழம் இறங்க இன்னும் எத்தனை நாள் இருக்கும் என்று கேட்டேன். இரண்டு மாதம், மூன்று மாதம் என்றாள்.

மறுநாளே கிளம்பினோம். பண்ருட்டியில் இறங்கி டவுன் பஸ் பிடித்து, இறங்கிய இடத்திலிருந்து செம்மண் பாதையில் அரை மணி நடை. இரண்டு பக்கமும் முந்திரி. மரம் தூரத்திலேயே தெரிந்தது. நிற்கிறது என்று பார்த்த பிறகுதான் என் நடை சாதாரணமானது. அடிமரத்திலிருந்தே காய்கள் தொங்கிக்கொண்டிருந்தன. பக்கத்தில் அந்த அம்மாள் முந்திரிக் கொட்டை பொறுக்கிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் அடையாளம் தெரிந்துவிட்டது. முகத்தில் ஒன்றும் காட்டவில்லை.

நான் நடந்ததைச் சொன்னேன். தப்பு எங்களுடையது, குறிப்பாக என்னுடையது என்றும் சொன்னேன். அவர் கேட்டுக்கொண்டே பொறுக்கினார்.

"அன்னைக்கி நம்பர எழுதிக்கினு வரலாம்னுதான் இருந்தேன்" என்றார். "அப்பறம் நெனச்சேன், அவுங்க நம்மள பாக்கவே இல்ல, நம்பர எங்க பாக்கப் போறாங்கன்னு."

மாணவிதான் பேச்சை மாற்றி, யார் வைத்த மரம் என்று கேட்டாள். அந்த அம்மாளேதான் நட்டிருக்கிறார். கல்யாணமாகி வந்த முதல் கோடையில் பண்ருட்டிச் சந்தையில் ஒரு பழம் வாங்கி, அதன் கொட்டையில் மூன்றை முந்திரிக்கு நடுவே ஊன்றியிருக்கிறார். இரண்டை ஆடு தின்றுவிட்டது. மூன்றாவதுக்குக் கருவேல முள் வெட்டி வேலி போட்டு, குடத்தில் தண்ணீர் சுமந்து ஊற்றி வளர்த்திருக்கிறார். பெரிய புயலில் சுற்றியிருந்த முந்திரியெல்லாம் சாய்ந்தபோது இது இரண்டு கிளைகளோடு தப்பித்தது. நிலப் பட்டா கணவரின் அண்ணன் பெயரில் இருக்கிறது. பாகம் இன்னும் பிரிக்கவில்லை. கணவர் லாரி ஓட்டுகிறார், மாதத்துக்கு ஒரு தடவை வருவார், அண்ணன் சொன்னால் சரி என்பதற்கு மேல் அவரிடம் பேச்சு கிடையாது.

மாணவி லேப்டாப்பைத் திறந்து அவருடைய மரத்தின் கோப்பைக் காட்டினாள். எழுத்துகள் திரை முழுக்க ஓடின. அவர் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு குனிந்து பார்த்தார்.

"இதுல எது இனிப்பு?"

இன்னும் தெரியாது என்று மாணவி உண்மையைச் சொன்னாள். மற்ற மரங்களில் இல்லாதது இதில் எங்கெங்கே இருக்கிறது என்று மட்டும்தான் தெரியும், அதில் ஏதோ ஒன்று இனிப்பாக இருக்கலாம் என்றாள். அவர் தலையாட்டினார். அந்தப் பதில் அவருக்குப் பிடித்திருந்தது என்று எனக்குப் பட்டது.

திரும்பி வந்து நான் வரைந்த படத்தை எடுத்து, மரத்துக்கும் ஆளுக்கும் நடுவே போட்டிருந்த அந்த ஒற்றைக் கோட்டை அடித்தேன். நடுவில் ஒரு புதுப் பெட்டி வரைந்தேன். எந்த மரம், எந்த ஆள், என்ன உறவு, எந்தத் தேதியிலிருந்து எந்தத் தேதி வரை. பட்டா வைத்திருப்பவர் ஒரு வரி. குத்தகைக்காரர் ஒரு வரி, மாசியிலிருந்து ஆனி வரைக்கும். நட்டு வளர்த்தவர் ஒரு வரி. ஒரு மரத்துக்கு எத்தனை வரி வேண்டுமானாலும் இருக்கலாம். மாணவி ஒவ்வொரு ஊராகத் திரும்பப் போனாள். இந்தத் தடவை யாருடையது என்று கேட்கவில்லை. யார் வைத்தது, யார் பேரில் நிலம், இந்த வருடம் யார் எடுத்திருக்கிறார் என்று தனித்தனியாகக் கேட்டாள். வெயிலில் அலைந்து அவள் முகமே கறுத்துப் போனது. ஒரு தடவைகூட என்னைக் குறை சொல்லவில்லை. அவள் திட்டியிருந்தால் எனக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும்.

முதலில் அந்த மரத்துக்குத்தான் கடிதம் அச்செடுத்தேன். நிலத்துக்கு உரியவர் என்று அண்ணன் பெயர், நட்டு வளர்த்தவர் என்று அந்த அம்மாள் பெயர், ஒன்றின் கீழ் ஒன்றாக. பேராசிரியர் கையெழுத்துப் போட்டார். தபாலை நம்பாமல் நானும் மாணவியும் நேரிலேயே எடுத்துக்கொண்டு போனோம். வைகாசி கடைசி. காய்கள் பாதி இறங்கியிருந்தன.

அண்ணன் கட்டுகிற வீடு பாதி எழும்பியிருந்தது. வாசலுக்கு இடம் விட்டுச் செங்கல் வைத்திருந்தார்கள். அவர் நாற்காலி கொண்டுவரச் சொல்லி எங்களை உட்காரவைத்தார், டீ வந்தது. மரியாதையான மனிதர்தான். கடிதத்தை இரண்டு கையாலும் வாங்கினார். சீலைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது. வாசித்துக்கொண்டே வந்தவர் ஓர் இடத்தில் நின்றார். மறுபடி மேலேயிருந்து வாசித்தார்.

"யம்மா, இதுல தம்பி சம்சாரம் பேரு எதுக்கு வருது?"

அவர்கள்தானே நட்டது என்றேன்.

"எங்க கொல்லையில எவ்வளவோ பேரு எவ்வளவோ நட்டுருப்பாங்க. அதையெல்லாம் கவர்மெண்ட்டு காயிதத்துல எழுதுவீங்களா? நாளிக்கி பாகம் பிரிக்கறப்ப இதத் தூக்கிக்கினு வந்து நின்னா?" என்றார். கோபமில்லை. நிதானமாகத்தான் சொன்னார். கடிதத்தை மடித்து என்னிடமே கொடுத்தார். மரத்தை வெட்ட ஆசாரியிடம் சொல்லியாயிற்று, இனி மாற்றுவது கஷ்டம் என்றும் சேர்த்துக்கொண்டார்.

அந்த அம்மாள் சுவரோரம் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். எனக்கு உள்ளே கொதித்தது. இவர் ஒத்துக்கொள்ளாவிட்டால் என்ன, பேராசிரியரை அழைத்து வந்து பேசவைக்கலாம், மேலே யாருக்காவது எழுதலாம் என்று மனதுக்குள் அடுக்கிக்கொண்டிருந்தேன். எழுந்து வெளியே வந்தபோது அந்த அம்மாள் என் கூடவே பாதை முனை வரைக்கும் வந்தார். மாணவி முன்னால் போய்விட்டாள்.

"எம் பேர எடுத்துட்டு அவரு பேர மட்டும் போட்டுக் குடுங்கக்கா" என்றார். அதுவரைக்கும் மேடம் என்றுதான் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்.

முடியாது என்றேன். என் குரல் உயர்ந்துவிட்டது. ஒரு தடவை என் தப்பால் உங்கள் பேர் விட்டுப்போனது, இரண்டாவது தடவை தெரிந்தே எப்படி எடுப்பேன் என்று கேட்டேன். நீங்கள் வைத்த மரம், நீங்கள் தண்ணீர் ஊற்றியது, அவர் பேரை மட்டும் போட்டால் அது பொய்யாகாதா என்றும் கேட்டேன்.

"அவரு பேரு மட்டும் இருந்தா மரத்துல ஒரு எலைய கிள்ள வுட மாட்டாரு. ஊரக் கூட்டிக் காட்டுவாரு. எனக்கு அவரத் தெரியும்க்கா" என்றார். "மரம் நிக்கணும். எனக்கு அதான்."

அவர் என் கையில் இருந்த கடிதத்தை வாங்கி, பிரித்து, தன் பெயர் இருந்த இடத்தை விரலால் தடவிப் பார்த்துவிட்டுத் திரும்பக் கொடுத்தார்.

"ஒங்க கம்ப்யூட்டருக்குள்ள மட்டும் இருக்கட்டும். வெளிய எடுக்காதீங்க."

மறுநாள் காலை உறவுப் பெட்டியில் ஒரு கட்டம் சேர்த்தேன். அச்சிடலாமா, ஆம் அல்லது இல்லை. கடிதம் அச்செடுக்கிற கட்டளையில், ‘இல்லை’ என்று இருக்கிற வரிகளை விட்டுவிடு என்று எழுதினேன். எல்லாத் தகவலும் முழுமையாக வெளியே தெரிய வேண்டும் என்று இருபது வருடமாகச் சண்டை போட்டவள் நான். ஒரு தகவலை மறைப்பதற்காக அவ்வளவு கவனமாக நான் எதையும் எழுதியதில்லை. அன்றைக்கு அந்தக் கட்டத்தில் ‘இல்லை’ என்று இருந்தது ஒரே ஒரு வரியில்தான். ஆடிக்குள் அது பதினொன்று ஆனது. பதினொன்றும் பெண்கள்.

புதுக் கடிதம் போய்ச் சேர்ந்த வாரமே அண்ணன் மரத்தைச் சுற்றிக் கம்பி வேலி போட்டார். தன் பெயரைப் பெயின்டால் எழுதி ஒரு பலகை மாட்டினார். வாசலுக்கு வேம்பு வாங்கினார் என்று மாணவி வந்து சொன்னாள். ஒட்டுக்குக் குச்சி எடுக்கப் போனபோது அவரே ஏணி பிடித்தாராம். அவர் தம்பி சம்சாரம் சொன்னது அச்சு அசலாக நடந்தது. அதில் எனக்கு சந்தோஷமும் இருந்தது, ஆத்திரமும் இருந்தது, இரண்டும் இன்றுவரை தீரவில்லை.

போன வருடம் பழைய கணினியிலிருந்து எல்லாவற்றையும் புதுச் சர்வருக்கு மாற்றினோம். மாற்றும்போது ஏதாவது விட்டுப்போகும் என்று எனக்கு எப்போதும் பயம். மரம், இலை, வேறுபாடுகள் என்று ஒவ்வொரு அட்டவணையிலும் பழையதில் எத்தனை வரி, புதியதில் எத்தனை வரி என்று எண்ணிச் சரிபார்த்தோம். எல்லாம் சரியாக இருந்தது. வேலை முடிந்து எல்லோரும் டீ குடிக்கப் போன பிறகு நான் அந்த அம்மாளுக்குப் போன் செய்தேன், நம்பரைப் பிறகு வாங்கி வைத்திருந்தேன். எதற்கு என்று எனக்கே தெளிவாகத் தெரியாது. கம்ப்யூட்டரை மாற்றிவிட்டோம், உங்களிடம் சொல்லலாம் என்று கூப்பிட்டேன் என்றேன்.

"என்னுது வந்துடுச்சா?"

வந்துவிட்டது என்றேன்.

"யாரு கண்ணுலயும் படலியே?"

படவில்லை என்றேன். பின்னால் யாரோ பேசுகிற சத்தம் கேட்டது. அவர் தோப்புப் பக்கம் தள்ளிப் போகிறார் என்று தெரிந்தது. சத்தம் குறைந்தது.

"என்னா எழுதிக்கிது, படிங்க."

திரையில் அந்த வரியைத் திறந்து படித்தேன். மரத்தின் எண். ஊர். நட்டு வளர்த்தவர். பிறகு அவருடைய பெயர், தகப்பனார் பெயரோடு, முழுசாக.



"இன்னொரு தடவ படிங்கக்கா" என்றார்.

படித்தேன்.